மேற்கு மாம்பலத்துக்கு மேற்கே

கையில் ஒரு 12 நிமிஷம் இருந்தால் 'தி கிரேட் டிரெயின் ராபரி' என்ற படத்தைப் பாருங்கள். 1903-ல் எடிசன் கம்பெனிக்காக எட்வின் எஸ். போர்ட்டர் எடுத்தது. காப்புரிமை எல்லாம் எப்போதோ முடிந்துவிட்டதால் இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. நாலு கொள்ளைக்காரர்கள் தந்தி ஆபீஸில் இருப்பவரைக் கட்டிப் போடுகிறார்கள், ரயிலை மடக்குகிறார்கள், பயணிகளை வரிசையாக நிற்க வைத்துப் பறிக்கிறார்கள், தப்பி ஓட முயன்ற ஒருவரைச் சுடுகிறார்கள். பிறகு குதிரையில் துரத்தல், காட்டுக்குள் துப்பாக்கிச் சண்டை, சுபம். கடைசியில் கொள்ளைத் தலைவன் தனியாக வந்து நம்மைப் பார்த்தே சுடுவான். இந்தத் துண்டைப் படத்தின் ஆரம்பத்திலும் ஒட்டலாம், முடிவிலும் ஒட்டலாம், உங்கள் இஷ்டம் என்று தியேட்டர்காரர்களுக்குச் சொல்லித்தான் படத்தை விற்றார்கள்.

கௌபாய் படம் என்ற ஜாதிக்கே இதுதான் கொள்ளுத் தாத்தா என்பார்கள். ஆனால் படம் எடுத்த இடம் நியூ ஜெர்சி. அமெரிக்காவின் கிழக்கு ஓரம். நம்ம ஊர்க் கணக்கில் சொன்னால் சம்பல் பள்ளத்தாக்குக் கதையைத் தாம்பரத்தில் எடுத்த மாதிரி.

அதில் நடித்த ஆண்டர்சன் என்பவர் கதை இன்னும் ஜோர். குதிரை ஓட்டத் தெரியும் என்று சொல்லிச் சேர்ந்தார். ஷூட்டிங் அன்று குதிரை அவரைக் கீழே தள்ளிவிட்டது. அதே ஆள்தான் சில வருஷம் கழித்து 'பிராங்கோ பில்லி' என்ற பெயரில் நூற்றுக்கணக்கான குட்டிப் படங்களில் நடித்து, உலகத்தின் முதல் கௌபாய் ஸ்டார் ஆனார். 1958-ல் கௌரவ ஆஸ்கரும் கொடுத்தார்கள். அவருக்கு அடுத்து வந்த வில்லியம் எஸ். ஹார்ட், நியூயார்க் நாடக மேடையிலிருந்து வந்தவர். ஷேக்ஸ்பியர் நாடகமெல்லாம் நடித்துவிட்டு, கிட்டத்தட்ட ஐம்பது வயதில் குதிரை ஏறினார்.

இதையெல்லாம் கிண்டலுக்குச் சொல்லவில்லை. இதில் ஒரு விஷயம் இருக்கிறது. எல்லைப்புறம் என்று இனி ஒரு கோடு போட்டுக் காட்ட முடியாது, எல்லா இடத்திலும் ஆள் குடியேறிவிட்டார்கள் என்று 1890 மக்கள்தொகைக் கணக்கெடுப்பை வைத்து அமெரிக்க அரசாங்கம் சொல்லிவிட்டது. முதல் ஹிட் கௌபாய் படம் வந்தது அதற்கு 13 வருஷம் கழித்து. அதாவது கடையை மூடிய பிறகுதான் விளம்பரமே ஆரம்பித்திருக்கிறது. எல்லைப்புறம் இருக்கும்போது அங்கே இருப்பவனுக்குக் கதை சொல்ல நேரம் கிடையாது. எல்லாம் முடிந்த பிறகு, தள்ளி உட்கார்ந்திருப்பவன் வந்து சொல்கிறான்.

சரி, நிஜமாக அங்கே இருந்தவர்கள் என்ன ஆனார்கள்?

சிலர் சினிமாவுக்கே வந்துவிட்டார்கள். ஆல் ஜென்னிங்ஸ் என்று ஒருவர். ஒக்லஹோமாவில் நிஜமாகவே ரயில் கொள்ளை அடித்து ஜெயிலுக்குப் போனவர். ஜனாதிபதி தியோடர் ரூஸ்வெல்ட் மன்னிப்பு கொடுத்தார். 1908-ல் 'தி பேங்க் ராபரி' என்ற படத்தில் கொள்ளைக்காரராக நடித்தார். அந்தப் படத்தின் டைரக்டர் பில் டில்க்மன், கொள்ளைக்காரர்களைத் துரத்திப் பிடித்த நிஜப் போலீஸ்காரர்! 1914-ல் ஜென்னிங்ஸ் ஒக்லஹோமா கவர்னர் பதவிக்குக் கட்சி வேட்பாளராகவும் முயன்று பார்த்தார். டால்டன் கொள்ளைக் கும்பலில் உயிரோடு மிஞ்சிய எம்மெட் டால்டன் 14 வருஷம் ஜெயிலில் இருந்துவிட்டு, 1918-ல் தன் கதையில் தானே நடித்தார். வியாட் எர்ப் பெயரைக் கேள்விப்பட்டிருப்பீர்கள். அவர் 1929-ல் லாஸ் ஏஞ்சலீசில் இறந்தபோது பாடையைப் பிடித்தவர்களில் இரண்டு பேர் டாம் மிக்ஸும் வில்லியம் ஹார்ட்டும். இருவருமே மௌனப்பட கௌபாய் ஸ்டார்கள்.

ஆக, திருடினவனுக்கும் பிடித்தவனுக்கும் சினிமா இரண்டாவது வாழ்க்கை கொடுத்தது. கொடுக்காமல் விட்டது ஒரு கூட்டத்துக்கு. அந்த மண்ணில் முதலிலிருந்தே இருந்தவர்களுக்கு. நம் காமிக்ஸ் மொழியில் செவ்விந்தியர்கள்.

ஆரம்பத்தில் அப்படி இல்லை என்பதுதான் ஆச்சரியம். ஜேம்ஸ் யங் டீர் என்ற பூர்வகுடி டைரக்டர் பாத்தே கம்பெனிக்காகப் படம் எடுத்திருக்கிறார். 1910-ல் அவர் எடுத்த 'வைட் ஃபான்ஸ் டிவோஷன்' இன்றும் கிடைக்கிறது. அவர் மனைவி ரெட் விங், 1914-ல் செசில் பி. டிமில்லின் 'தி ஸ்குவா மேன்' படத்தில் முக்கிய வேடம் செய்தவர். ஹாலிவுட் வட்டாரத்தில் எடுத்த முதல் முழுநீளப் படம் அது. அப்புறம் மெல்ல மெல்ல நிலைமை மாறியது. வெள்ளைக்காரர்களே முகத்தில் சாயம் பூசிக்கொண்டு செவ்விந்தியர் ஆனார்கள். நிஜ ஆட்கள் குதிரையிலிருந்து விழுவதற்கு மட்டும் தேவைப்பட்டார்கள்.

இந்தப் படங்கள் நம்ம மெட்ராஸுக்கு வந்த கதைக்கு வருவோம். திருச்சியில் ரயில்வேயில் வேலை பார்த்த சாமிக்கண்ணு வின்சென்ட், 1905-ல் டுபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடம் ஒரு புரொஜக்டரையும் சில ஃபிலிம் சுருள்களையும் வாங்கி, கூடாரம் போட்டு ஊர் ஊராகப் படம் காட்டினார். 1913-ல் மவுண்ட் ரோடில் வார்விக் மேஜர் என்பவர் எலக்ட்ரிக் தியேட்டர் ஆரம்பித்தார். அண்ணா சாலைத் தபால் நிலைய வளாகத்தில் தபால்தலை விற்கிற கட்டிடம் இருக்கிறதே, அதுதான். அந்தப் பக்கம் பஸ்ஸில் போனால் எட்டிப் பாருங்கள். 1914-ல் ரகுபதி வெங்கையா கெயிட்டி தியேட்டரைக் கட்டினார். மெட்ராஸில் ஓர் இந்தியர் கட்டிய முதல் சினிமா தியேட்டர் அது.

இங்கெல்லாம் ஓடியதில் பெரும்பாலானவை வெளிநாட்டுப் படங்கள், அதிலும் அமெரிக்கப் படங்கள்தான் அதிகம். ஏன் என்று பி.காம் படிக்கிறவனைக் கேட்டால் உடனே சொல்வான். அமெரிக்கப் படம் போட்ட முதலை அமெரிக்காவிலேயே எடுத்துவிடும். அதற்குப் பிறகு இந்தியாவில் வருகிற காசெல்லாம் மேல்வரும்படி. அதனால் சல்லிசான வாடகைக்குக் கொடுக்க முடியும். இங்கே ஒருவர் புதிதாகப் படம் எடுத்தால் முழுச் செலவையும் இந்த ஊர் வசூலிலேயே எடுத்தாக வேண்டும். அந்த விலையோடு எப்படிப் போட்டி போடுவது? 1927-ல் இதை விசாரிக்க அரசாங்கம் ஒரு கமிட்டி போட்டது. அதன் தலைவர் நம்ம மெட்ராஸ் வக்கீல் டி. ரங்காச்சாரியார்.

ஆனால் விலை மட்டும் காரணம் இல்லை. மௌனப் படத்துக்குப் பாஷை கிடையாது. திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்றுகொண்டு கதையைத் தமிழில் சத்தமாகச் சொல்லிக்கொண்டே வருவார். குதிரை ஓடுகிறது, ஒருவன் தாவுகிறான், குத்துகிறான். இதற்கு இங்கிலீஷ் எதற்கு? தரை டிக்கெட் ஆளுக்கும் நாற்காலி துரைக்கும் ஒரே அளவு புரியும். எடி போலோ, எல்மோ லிங்கன் நடித்த யூனிவர்சல் கம்பெனியின் தொடர்படங்கள் இங்கே சக்கைப்போடு போட்டன. அந்த ருசியில்தான் நம்ம ஊர் ஸ்டண்ட் படமும் பிறந்தது. புதுக்கோட்டை நாகலிங்கம் என்ற பயில்வான் பம்பாய்க்குப் போய் மௌனப்பட ஹீரோ ஆகி 'ராஜா சாண்டோ' என்று பெயர் வாங்கினார். தமிழக அரசு அவர் பெயரில் விருதே வைத்திருக்கிறது. 'பேட்லிங் மணி', 'ஸ்டண்ட் ராஜு' என்றெல்லாம் நடிகர்கள் இருந்தார்கள். பெயரைக் கேட்டாலே விசில் அடிக்கத் தோன்றுகிறது அல்லவா?

அந்தப் படங்கள் எங்கே என்று மட்டும் கேட்காதீர்கள். கீழ்ப்பாக்கத்தில் ஸ்டூடியோ வைத்து நடராஜ முதலியார் எடுத்த 'கீசக வதம்' தென்னிந்தியாவின் முதல் படம். அதில் ஓர் அடி ஃபிலிம் கூட இன்று இல்லை. நாகர்கோவிலில் சுந்தர்ராஜ் தயாரித்த 'மார்த்தாண்ட வர்மா' மட்டும் தப்பியது. அதுவும் எப்படி? நாவலின் உரிமை பற்றிக் கோர்ட்டில் கேஸ் போட்டதில் பெட்டி மாட்டிக்கொண்டது. ஓடாததால் பிழைத்தது! 1903-ல் நியூ ஜெர்சியில் சுட்ட துப்பாக்கியை நான் மேற்கு மாம்பலத்தில் உட்கார்ந்து பார்க்கிறேன். கீழ்ப்பாக்கத்தில் கீசகன் விழுந்ததைப் பார்க்க முடியவில்லை.

மேற்கு மாம்பலம் என்றதும் ஞாபகம் வருகிறது. எனக்குத் தெரிந்த ஒரே 'வெஸ்ட்' அதுதான் :) வண்டிகளில் குடும்பம் குடும்பமாக மேற்கே போய்க் குடியேறுகிற கதையான 'தி கவர்ட் வேகன்' 1923-ல் வந்தது. அதே காலத்தில்தான் இங்கே மாம்பலம் பக்கம் இருந்த நீண்ட ஏரியின் தண்ணீரை வடியவிட்டு தி.நகரைக் கட்டத் தொடங்கினார்கள். இன்று நாம் புடவை எடுக்கிற இடம் பழைய ஏரிப்படுகை. ஒவ்வொரு பெருமழைக்கும் தண்ணீர் தன் பழைய விலாசத்தைத் தேடிக்கொண்டு வருகிறது. காலி இடம் என்று ஒன்று உலகத்தில் எங்கேயும் இருந்ததில்லை. காலி என்று ஒருவர் எழுதி வைக்கிறார், அவ்வளவுதான்.

இப்போது எனக்கு முக்கியமான விஷயம். தமிழில் எல்லைப்புறக் கதை இல்லையா?

நிறைய இருக்கிறது. பிளஸ் டூ வரை மனப்பாடம் செய்துவிட்டு மறந்துபோனோம். பகைவர் மாட்டைக் கவர்ந்து வருவது வெட்சி. போன மாட்டை மீட்பது கரந்தை. மாடு, ஊர் எல்லை, ராத்திரி, துரத்தல், சண்டை. ஒரு கௌபாய் படத்துக்கு வேறு என்ன வேண்டும்? செத்தவனுக்குக் கல் நட்டார்கள். 2006-ல் தேனி மாவட்டம் புலிமான்கோம்பையில் கிடைத்த நடுகல்லில், கூடலூர் ஆகோளில் இறந்தவன் பெயர் தமிழி எழுத்தில் இருக்கிறது. ஆகோள் என்றால் மாடு கவர்தல். இரண்டாயிரம் வருஷத்துக்கும் முந்தையது. திருவண்ணாமலை மாவட்டம் எடுத்தனூரில் மகேந்திரவர்மன் காலத்துக் கல் ஒன்று. எருமைகளுக்காகப் போரிட்டுச் செத்தவனோடு, கோவிவன் என்ற அவன் நாயும் அதில் இருக்கிறது. இரண்டு கள்வர்களைக் கடித்துக் காவல் நின்றதாம். டாம் மிக்ஸுக்கு டோனி என்று ஒரு பிரபலமான குதிரை உண்டு. நமக்குக் கோவிவன்.

இதில் எனக்குப் பிடித்தது ஒன்று. புறப்பொருள் வெண்பாமாலை, கவர்வதையும் மீட்பதையும் தனித்தனித் திணையாக வைத்து இரண்டுக்கும் ஆளுக்கொரு பூ கொடுத்திருக்கிறது. இவன் ஹீரோ, அவன் வில்லன் என்று பிரிக்கவில்லை.

பிரித்தது பிறகுதான். பிரித்தவர் கையில் ஒரு ரிஜிஸ்தர் இருந்தது.

1911-ல் குற்றப் பரம்பரைச் சட்டம் மெட்ராஸ் மாகாணத்துக்கு வந்தது. அடுத்த சில வருஷங்களில் மதுரைப் பக்கம் பிறமலைக் கள்ளர்களை அதில் சேர்த்தார்கள். தப்பு செய்தானா என்று கேள்வி இல்லை, அங்கே பிறந்தால் போதும். விரல் ரேகையைப் பதிய வேண்டும். ராத்திரியானால் ஆண்கள் போலீஸ் ஸ்டேஷனிலோ அவர்கள் காட்டிய இடத்திலோ போய்ப் படுக்க வேண்டும். வெளியூர் போவதென்றால் ராத்திரிச் சீட்டு வாங்க வேண்டும். ரேகை வைக்க மாட்டோம் என்று பெருங்காமநல்லூரில் எதிர்த்தவர்கள் மீது 1920 ஏப்ரல் 3-ம் தேதி போலீஸ் சுட்டது. மாயக்காள் என்ற பெண் உட்பட பதினைந்துக்கும் மேற்பட்டவர்கள் செத்தார்கள். 1947-ல்தான் சட்டம் மெட்ராஸில் ரத்தானது.

என் பூட்டன் பெயர் அந்த ரிஜிஸ்தரில் இருந்தது. அப்பா வேலைக்காகச் சென்னைக்கு வந்தவர், எங்கள் ஊர் உசிலம்பட்டிப் பக்கம். சீயானுக்கு (தாத்தாவை எங்கள் பக்கம் அப்படித்தான் கூப்பிடுவோம்) இந்தக் கதையெல்லாம் விஸ்தாரமாகச் சொல்கிற பழக்கம் இல்லை. பொழுது சாய்ந்தால் அவர் அப்பா பாயைச் சுருட்டிக்கொண்டு கிளம்புவார், அது மட்டும் ஞாபகம் இருக்கிறது என்பார். ஒரு தடவை லீவுக்குப் போயிருந்தபோது டிவியில் தமிழில் டப் செய்த ஒரு கௌபாய் படம் ஓடிக்கொண்டிருந்தது. ஹீரோ நடு ராத்திரியில் குதிரை மேல் ஏறிப் பக்கத்து ஊருக்குக் கிளம்பினான். சீயான் என்னிடம் கேட்டார்:

"ஏப்பா, ராத்திரியில இவன் பாட்டுக்குப் போறானே, சீட்டுக் கேக்க ஆள் இல்லியா?"

நான் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை. நிஜமாகவே கேட்டிருக்கிறார்.

அதற்குப் பிறகு எனக்குக் கௌபாய் படங்கள் வேறு மாதிரி தெரிய ஆரம்பித்தன. சின்ன வயசிலிருந்து நான் லயன் காமிக்ஸ் டெக்ஸ் வில்லரின் பரம ரசிகன். இத்தாலிக்காரர்கள் 1948-ல் உருவாக்கிய அமெரிக்கக் கௌபாய் அவர், 1985 முதல் சிவகாசி வழியாகத் தமிழ் பேசுகிறார். இயக்குநர் கர்ணன் ஜெய்சங்கரை வைத்து எடுத்த 'காலம் வெல்லும்', 'கங்கா' எல்லாம் பார்த்திருக்கிறேன். தொப்பி, பூட்ஸ், குதிரை, நம்ம ஊர்ப் பாறை. அதில் தப்பே இல்லை. ஆண்டர்சனே குதிரையிலிருந்து விழுந்தவர்தானே. தள்ளி இருப்பவன் கதை சொல்லலாம் என்பதை ஹாலிவுட்டே ஆரம்பித்து வைத்துவிட்டது. ஆனால் இவ்வளவு வருஷமாக நான் துப்பாக்கி வைத்திருக்கிறவன் பக்கம் நின்றுதான் விசில் அடித்திருக்கிறேன். அந்தக் கதையை நம்ம ஊருக்குக் கொண்டுவந்தால், எங்கள் வீட்டு ஆட்கள் மலை மேல் வரிசையாகத் தெரிகிற அந்தக் குதிரைக்காரர்கள் பக்கம்தான் இருந்திருப்பார்கள். அவர்களுக்கு வசனம் இருக்காது.

அந்தக் காலத்தில் யாராவது இதைப் படமாக எடுத்திருக்க முடியுமா? முடியாது. 1918-ல் சினிமாட்டோகிராஃப் சட்டம் வந்தது, 1920-ல் மெட்ராஸில் போலீஸ் கமிஷனர் தலைமையில் சென்சார் போர்டு உட்கார்ந்தது. 1921-ல் வந்த 'பக்த விதுர்' படத்தில் விதுரர் காந்தி மாதிரி இருக்கிறார் என்று சில இடங்களில் தடையே போட்டார்கள். புராணத்துக்கே இந்தக் கதி. பெருங்காமநல்லூரை எடுக்க விட்டிருப்பார்களா? கீசக வதம் தொலைந்துபோனதற்காவது வருத்தப்படலாம். எடுக்கவே விடாத படம் தொலைந்தது என்று எந்தக் கணக்கில் எழுதுவது?

நூறு வருஷம் கழித்துக் கொஞ்சம் மாறியிருக்கிறது. 1920-களில் ஒக்லஹோமாவில் ஓசேஜ் மக்களை எண்ணெய்ப் பணத்துக்காகக் கொன்றதை 2023-ல் ஸ்கார்சேசி 'கில்லர்ஸ் ஆஃப் தி ஃப்ளவர் மூன்' என்று எடுத்தார். ஜென்னிங்ஸ் ஓட்டுக் கேட்ட அதே ஒக்லஹோமா. இங்கே சு. வெங்கடேசனின் 'காவல் கோட்டம்' நாவல் 2008-ல் வந்தது, அதிலிருந்து வசந்தபாலன் 2012-ல் 'அரவான்' எடுத்தார். ராத்திரிக் களவு, காவல், ஊர்ப் பகை என்று தமிழில் நான் பார்த்த உருப்படியான வெஸ்டர்ன் அதுதான், தொப்பி இல்லாமலே.

எனக்கு இன்னும் ஒரு படம் பார்க்க வேண்டும். 12 நிமிஷம் போதும், மௌனப் படமே போதும். ஒரு மேஜை, ஒரு லாந்தர், மைப் பெட்டி, பெரிய ரிஜிஸ்தர். பாயைச் சுருட்டிக்கொண்டு ஆண்கள் ஒவ்வொருவராக வருகிறார்கள், கட்டை விரலை நீட்டுகிறார்கள். வீட்டு வாசலில் ஒரு சின்னப் பையன் பார்த்துக்கொண்டே நிற்கிறான். ஒருநாள் ராத்திரி ஒரு பாய் மட்டும் வரவில்லை. குதிரை தேவையில்லை. பக்கத்தில் நின்று கதை சொல்ல ஆளும் தேவையில்லை, எல்லோருக்கும் புரியும்.

விஸ்காம் படிக்கிற புண்ணியவான்கள் யாராவது இருந்தால் சொல்லுங்கள். கேமரா உங்கள் பாடு. பட்ஜெட், வரவு செலவுக் கணக்கு எல்லாம் நான் பார்த்துக்கொள்கிறேன். அந்த ரிஜிஸ்தரை மட்டும் நான் எழுத மாட்டேன்.